உத்தரவும் உத்தியோகமும்

தனி மனிதர் இருவர் வழக்காடி, ஒருவர் மற்றவருக்குப் பணம் கொடுக்க வேண்டும் என்று நியாயஸ்தலம் டிக்ரி செய்துவிட்டால், கொடுக்க மறுப்பவரின் வாசலில் ஒரு நாள் அமீனா வந்து நிற்பார். நிலமோ வண்டியோ வீட்டுச் சாமானோ ஜப்தியாகும். ஜப்தியான பொருள் ஏலத்துக்குப் போகும். பிரதிவாதி சர்க்காராகவே இருந்தாலும், சிவில் நடைமுறைச் சட்டத்தின் 82-ஆம் பிரிவு அதற்கு மூன்று மாத அவகாசத்தை அளிக்கிறதேயன்றி விலக்கு அளிக்கவில்லை. நில ஆர்ஜித நஷ்ட ஈட்டைக் கொடுக்காத குற்றத்துக்காகக் கலெக்டர் ஆபீஸின் ஜீப்பும் மேஜை நாற்காலிகளும் வெளியே எடுத்து வைக்கப்பட்டதையும், விபத்தில் இறந்தவரின் குடும்பத்துக்குச் சேர வேண்டிய தொகைக்காகப் போக்குவரத்துக் கழகத்தின் பஸ், பிரயாணிகள் இறக்கப்பட்ட பிறகு, கோர்ட் வளாகத்துக்கு ஓட்டிச் செல்லப்பட்டதையும் தமிழ்நாட்டுப் பத்திரிகை வாசகர்கள் பலமுறை படித்திருக்கிறார்கள். பார்ப்பதற்குச் சற்று விகாரமான காட்சிதான். ஆனால் பாக்கி பெரும்பாலும் அடுத்த சில நாட்களில் வசூலாகிவிடுகிறது.

அரசியலமைப்பின் 226-ஆம் விதியின்கீழ் உயர் நீதிமன்றம் பிறப்பிக்கும் ரிட் உத்தரவுக்கு இத்தகைய அமீனா கிடையாது. 1950 ஜனவரி 26-க்கு முன் சென்னை, பம்பாய், கல்கத்தா ஆகிய மூன்று உயர் நீதிமன்றங்களிடம், அதுவும் ஒரு குறுகிய எல்லைக்குள், இருந்துவந்த ரிட் அதிகாரம், அன்றிலிருந்து நாட்டின் எல்லா உயர் நீதிமன்றங்களுக்கும் உரியதாயிற்று. ஓய்வூதியம் நிறுத்தப்பட்ட ஆசிரியர், பணி மூப்புப் பட்டியலில் கீழே தள்ளப்பட்ட எழுத்தர், கருணை அடிப்படையில் வேலை கேட்கும் விதவை, பட்டா மாறுதலுக்காகத் தாலுகா ஆபீஸுக்கு நடந்து களைத்த குடியானவர் என்று எத்தனையோ பேர் அதை நாடி வந்து, விசாரணை முடிந்து, தமக்குச் சாதகமான உத்தரவையும் பெற்றுச் செல்கிறார்கள். அந்த உத்தரவை அதிகாரி நிறைவேற்றாமல் இருந்துவிட்டால் அவர்களுக்கு நடைமுறையில் மிஞ்சும் வழி ஒன்றே: நீதிமன்ற அவமதிப்பு மனு. வக்கீல் ஆபீஸ்களின் பேச்சில் இதற்கு ‘கன்டெம்ப்ட் போடுவது’ என்று பெயர். நீதிமன்றத்தின் மாட்சிமையைக் காப்பதற்கென்று ஏற்பட்ட ஓர் அதிகாரம் அமீனாவின் வேலையைச் செய்யும்படி ஆகிவிட்டது என்பதும், அந்த வேலைக்கு அது லாயக்கானதல்ல என்பதும், அதை அதிகாரவர்க்கம் நன்றாக அறிந்து வைத்திருக்கிறது என்பதுமே இக்கட்டுரையின் வாதம்.

முதலில் சட்டத்தைப் பார்க்கலாம். உச்ச நீதிமன்றத்துக்கு 129-ஆம் விதியும் உயர் நீதிமன்றங்களுக்கு 215-ஆம் விதியும் தம்மை அவமதிப்போரைத் தண்டிக்கும் அதிகாரத்தை வழங்குகின்றன. சான்யால் கமிட்டி 1963-இல் அளித்த அறிக்கையை ஒட்டி இயற்றப்பட்ட 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம், அவமதிப்பை இரண்டாகப் பிரித்தது. நீதிபதியைத் தூற்றுவதும் விசாரணைக்கு இடையூறு செய்வதும் குற்றவியல் அவமதிப்பு. நீதிமன்றத்தின் தீர்ப்புக்கோ உத்தரவுக்கோ ரிட்டுக்கோ வேண்டுமென்றே கீழ்ப்படியாதிருப்பதும், நீதிமன்றத்துக்குக் கொடுத்த வாக்குறுதியை வேண்டுமென்றே மீறுவதும் உரிமையியல் அவமதிப்பு. எழுத்தாளர்களும் பத்திரிகாசிரியர்களும் முந்தியதைப் பற்றியே பெரிதும் கவலைப்படுகிறார்கள். கருத்துச் சுதந்திரம் அதில் அடங்கியிருப்பதால் அந்தக் கவலை நியாயமானதே. ஆனால் உயர் நீதிமன்றங்களில் தேங்கிக் கிடக்கும் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட அவமதிப்பு வழக்குகளைப் புரிந்துகொள்ள வேண்டுமானால் பிந்தியதையே பார்க்க வேண்டும்.

இதற்குத் தண்டனை ஆறு மாதம் வரை வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். உரிமையியல் அவமதிப்பில் அபராதமே போதும் என்பது பொதுவிதி. அது போதாது என்று நீதிமன்றம் கருதினால்தான் சிவில் சிறை. இந்த 2,000 ரூபாய் 1971-இல் நிர்ணயிக்கப்பட்டதன்று என்பதை வாசகர் கவனிக்க வேண்டும். வெள்ளைக்காரர் காலத்து 1926-ஆம் ஆண்டுச் சட்டத்திலும் அதே ஆறு மாதமும் அதே 2,000 ரூபாயும்தான் இருந்தன. 1952-ஆம் ஆண்டுச் சட்டம் அதை அப்படியே வைத்துக்கொண்டது. 1971-ஆம் ஆண்டுச் சட்டமும் தொடவில்லை. 1926-இல் ஒரு கலெக்டரையும் திடுக்கிட வைத்திருக்கக்கூடிய தொகை, இன்று கீழ்நிலை எழுத்தரின் மாதச் சம்பளத்திலும் ஒரு சிறு பகுதி. இதற்கும் மேலாக, மனப்பூர்வமான மன்னிப்புக் கோரிக்கையை நீதிமன்றம் ஏற்று விடுவித்துவிடலாம் என்றும், நிபந்தனையோடு கூடியது என்ற ஒரே காரணத்துக்காக அதைத் தள்ளக் கூடாது என்றும் 12-ஆம் பிரிவு கூறுகிறது.

சர்க்காரும் இந்த அதிகாரத்துக்கு உட்பட்டதுதானா என்ற சந்தேகத்தை நம் நாடு வெகு சீக்கிரத்திலேயே தீர்த்துக்கொண்டது என்பதில் நாம் கொஞ்சம் பெருமைப்படலாம். பீஹார் நிலச்சீர்திருத்தச் சட்டத்தின்கீழ் ஓர் எஸ்டேட்டை எடுத்துக்கொள்வதற்கு எதிராக ராணி சோனாபதி குமாரி என்பவர் கீழ்க்கோர்ட்டில் இடைக்காலத் தடையாணை பெற்றிருந்தபோது, மாகாண சர்க்கார் அதைப் பொருட்படுத்தாமல் அறிவிக்கையை வெளியிட்டது. தடையாணையை மீறுவோரைத் தண்டிக்கும் சிவில் நடைமுறை விதி சர்க்காரைக் கட்டுப்படுத்தாது என்றும், உத்தரவின் பொருளைத் தாங்கள் வேறுவிதமாகப் புரிந்துகொண்டதாகவும் சர்க்கார் தரப்பில் சொல்லப்பட்ட வாதங்கள் இரண்டையும் உச்ச நீதிமன்றம் 1960-இல் நிராகரித்தது. ‘அரசர் தவறு செய்யமாட்டார்’ என்ற கோட்பாட்டின் தாயகமான இங்கிலாந்தில், ஜயர் நாட்டு அகதி ஒருவரைத் திரும்ப அழைத்துவரும்படி நீதிபதி இட்ட உத்தரவை உள்துறை மந்திரி கென்னத் பேக்கர் மதிக்காத விவகாரத்தில், மந்திரி தம் பதவியின் பேரில் அவமதிப்புக்கு உள்ளாகலாம் என்று பிரபுக்கள் சபை முடிவு செய்தது 1993-இல்தான்.

ஆகவே கோட்பாட்டில் குறையில்லை. கோப்பில்தான் இருக்கிறது.

நீதிமன்ற உத்தரவின் நகல் ஓர் ஆபீஸை அடைந்ததும் நடப்பதைச் சற்று நிதானமாகப் பார்க்கலாம். தபால் பிரிவில் முத்திரை விழுகிறது, சம்பந்தப்பட்ட பிரிவின் உதவியாளர் ஒரு குறிப்பு எழுதுகிறார், கண்காணிப்பாளர், அரசு வழக்கறிஞரின் கருத்தைப் பெறலாம் என்று சேர்க்கிறார், மேல்முறையீட்டுக்குத் தகுந்த வழக்கா என்ற கேள்வியோடு கோப்பு மாவட்டத்திலிருந்து இயக்குநரகத்துக்குச் செல்கிறது, அங்கிருந்து ‘கருத்துரு’வாகத் தலைமைச் செயலகத்துக்கு ஏறுகிறது, பணச் செலவு உள்ள விஷயமானால் நிதித்துறைக்குப் போய் ஒரு விளக்கம் கேட்கப்பட்டு, வந்த வழியே கீழே இறங்குகிறது. இந்தப் படிகளில் எந்த ஒன்றையும் தனியே எடுத்துக் குற்றம் சொல்ல முடியாது. ஒவ்வொருவரும் தம் கடமையையே செய்திருப்பார். உத்தரவில் குறித்த எட்டு வாரமும் இதற்குள் கழிந்து எட்டு மாதமும் ஆகியிருக்கும். கீழ்ப்படியாமை என்ற மனப்பான்மையே எவரிடத்திலும் இல்லாமல் கீழ்ப்படியாமை என்ற காரியம் பூரணமாக நடந்தேறிவிடுகிறது. சட்டமோ ‘வேண்டுமென்றே’ என்ற மனநிலையைக் கேட்கிறது; அதையும் குற்ற வழக்குக்கு நிகரான உறுதியோடு நிரூபிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் பல தீர்ப்புகளில் வற்புறுத்தியிருக்கிறது. தண்டனை தனி மனிதருக்கு விழுவதால் அந்த எச்சரிக்கை அவசியமே. ஆனால் பத்துப் பேர் கைமாறிய கோப்பில் எவருடைய மனநிலையைத் தேடுவது?

இதனோடு உத்தியோக மாற்றமும் சேர்ந்துகொள்கிறது. உத்தரவு நாற்காலிக்கு, தண்டனை நாற்காலியில் இருப்பவருக்கு. அவமதிப்பு மனுவில் அதிகாரியின் பெயரைக் குறிப்பிட்டே சேர்க்க வேண்டும். மனு விசாரணைக்கு வருகையில் அந்தப் பெயருக்குரியவர் வேறு துறைக்குப் போயிருப்பார். புதிதாக வந்தவர், தாம் பொறுப்பேற்றுச் சில வாரங்களே ஆகின்றன என்றும் அவகாசம் வேண்டும் என்றும் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்வார். அது பொய்யும் அல்ல; ஆகவே அவகாசமும் கிடைக்கும்.

நீதிமன்றங்களின் பங்கையும் மறைப்பதற்கில்லை. நெரிசல் மிகுந்த வழக்குப் பட்டியலைக் குறைக்கும் அவசரத்தில், மனுதாரரின் உரிமை இன்னதென்று தீர்மானிக்காமல், ‘மனுதாரரின் விண்ணப்பத்தை எட்டு வாரத்துக்குள் பரிசீலித்துத் தகுந்த உத்தரவு பிறப்பிக்க வேண்டும்’ என்று கட்டளையிட்டு வழக்கை முடித்துவைக்கும் வழக்கம் நெடுங்காலமாக வேரூன்றியிருக்கிறது. இரு தரப்புக்கும் அன்றைக்குத் திருப்தி. அரசு வழக்கறிஞரும் ஆட்சேபிப்பதில்லை. அதிகாரி பரிசீலிக்கிறார், பரிசீலித்து, நிராகரிக்கிறார். உத்தரவு நிறைவேறிவிட்டது! 1996-இல் ஜே. எஸ். பரிஹார் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியபடி, அப்படிப் பிறந்த புதிய ஆணையின் சரி தவறுகளை அவமதிப்பு நீதிமன்றம் ஆராய முடியாது. அது புதிய வழக்குக்குரிய புதிய காரணம். மனுதாரர் மறுபடியும் முதல் படியில் வந்து நிற்கிறார். இந்தப் ‘பரிசீலனை’ உத்தரவுகளின் தெளிவின்மையை நீதிபதி ரவீந்திரன் 2006-இல் ஆந்திரப் போக்குவரத்துக் கழக வழக்கில் விரிவாக விமர்சித்தார். 2008-இல், தமிழ்நாட்டுப் புவியியல் சுரங்கத் துறையின் முன்னாள் ஊழியர் ஒருவரின் வழக்கில், காலாவதியாகிப்போன உரிமைகளும் இத்தகைய உத்தரவு ஒன்றைப் பெற்றுக்கொண்டு உயிர்த்தெழுவதைச் சுட்டிக்காட்டினார். ஆக, இந்த வழக்கம் நியாயமான மனுதாரருக்கும் பயன்படவில்லை, பொது நிதியையும் காக்கவில்லை. என் அபிப்பிராயத்தில், நிர்வாகத்தின் அசட்டையைப் பற்றிக் கண்டனம் எழுதும் நீதிபதிகள், அதே கையால் ‘பரிசீலிக்க’ என்று எழுதுவதை நிறுத்தினாலே அவமதிப்பு மனுக்கள் கணிசமாகக் குறையும்.

இனி, மேல்முறையீடு என்ற கேடயம். உத்தரவு வந்த நாளிலிருந்து அசையாமல் கிடந்த கோப்பு, அவமதிப்பு நோட்டீஸ் வந்த அன்று விழித்துக்கொள்கிறது. பல மாதத் தாமதத்தைப் பொறுத்தருளக் கோரும் மனுவுடன் ரிட் அப்பீல் தாக்கலாகிறது. அப்பீல் தாக்கல் செய்வதே தடையாணை ஆகிவிடாது என்பது சட்டத்தின் அரிச்சுவடி. ஆனால் தடை கோரும் மனு நிலுவையில் இருக்கும்போது அதை முதலில் கேட்டு முடிவு செய்துவிட்டு அவமதிப்பைத் தொடர்வதே முறை என்று 1995-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருப்பதால், அந்த மனுவுக்கு எண் கிடைக்கும் வரையில் ஓரிரு வாய்தாக்கள் சுலபமாகப் போய்விடும். கோப்பு நகர்ந்த கதையைச் சொல்லித் தாமதத்துக்கு மன்னிப்புக் கேட்கும் பழக்கத்தை 2012-இல் தபால் இலாகா சம்பந்தப்பட்ட வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் கண்டித்து, 427 நாள் தாமதத்தை மன்னிக்க மறுத்தது. அந்தத் தீர்ப்பு சட்டப் புத்தகங்களில் மேற்கோளாக விளங்குகிறது; ஆபீஸ்களின் நடைமுறையை எவ்வளவு மாற்றியது என்பதை அப்பீல் பட்டியல்களைப் பார்ப்பவர்கள் அறிவார்கள்.

தண்டனை அடியோடு இல்லை என்று சொல்லிவிட முடியாது. உத்தரப் பிரதேச முதல் மந்திரியாயிருந்த கல்யாண் சிங், அயோத்தி நிலத்தில் கட்டட வேலை நடக்காது என்று கொடுத்த வாக்குறுதியை 1992 ஜூலையில் காப்பாற்றாததற்காக, 1994-இல் ஒரு நாள் சிறையும் 2,000 ரூபாய் அபராதமும் பெற்றார். மறு ஆண்டில், பெங்களூர் நகராட்சிப் பொறியாளர் ஒருவரின் பதவி உயர்வு பற்றிய உத்தரவை நிறைவேற்றாத கர்நாடக ஐ.ஏ.எஸ். அதிகாரி வாசுதேவனுக்கு ஒரு மாதச் சிறை விதிக்கப்பட்டபோது அதிகாரவர்க்கமே அதிர்ந்தது. 2006-இல் மகாராஷ்டிர மந்திரி ஸ்வரூப் சிங் நாயக், வனத்துறை முதன்மைச் செயலாளர் அசோக் கோட் ஆகிய இருவருக்கும், முந்தைய உத்தரவுக்கு மாறாக மர ஆலைகள் இயங்க இடங்கொடுத்த குற்றத்துக்காக ஒரு மாதச் சிறை கிடைத்தது. அந்த முந்தைய உத்தரவு பிறந்த வழக்கு, நம் நீலகிரியின் கூடலூர்க் காடுகள் அழிவதைப் பற்றி நிலம்பூர் கோதவர்மன் திருமுல்பாடு 1995-இல் தொடுத்ததாகும்.

இவை அனைத்திலும் நான் முக்கியமாகக் கருதுவது 2025 மே மாதத்துத் தீர்ப்பொன்றை. குண்டூரில் தாசில்தாராக இருந்த ஒருவர், உயர் நீதிமன்ற உத்தரவு இருந்தும், ஏழைகளின் குடிசைகளைப் போலீஸ் துணையுடன் இடித்துத் தள்ளினார். உயர் நீதிமன்றம் இரண்டு மாதச் சிறை விதித்தது. வழக்கு உச்ச நீதிமன்றத்தை எட்டுவதற்குள் அவர் டெபுடி கலெக்டராக உயர்ந்துவிட்டார். பதவியிறக்கத்தை ஏற்றுக்கொண்டால் சிறையிலிருந்து விடுவிப்பதாக நீதிபதிகள் சொன்னபோது அவர் சம்மதிக்கவில்லை. சிறைவாசத்தோடு உத்தியோகமும் போய்விடும் என்ற நிலையில், அவருடைய குடும்பத்தையும் கருதி, நீதிபதி கவாய் தலைமையிலான அமர்வு அவரை மீண்டும் தாசில்தார் பதவிக்கே இறக்கி, ஒரு லட்சம் ரூபாய் அபராதமும் விதித்தது. சிறைத் தண்டனை என்பது மேல்முறையீட்டில் பெரும்பாலும் கரைந்துவிடும் அச்சுறுத்தல். பதவியும் சம்பளமுமோ உத்தியோகஸ்தர் தினந்தோறும் நினைக்கும் விஷயங்கள். அந்த இடத்தில் கை வைத்த தீர்ப்பு என்பதாலேயே இது எனக்குப் பெரிதாகப் படுகிறது. தாசில்தாராக இருந்து செய்த காரியத்துக்கு இடையிலே பதவி உயர்வு எப்படிக் கிடைத்தது என்ற கேள்வியைச் சர்க்காரிடம் யாரும் கேட்டதாகத் தெரியவில்லை.

அவமதிப்பவர் அதிகாரியாக அல்லாமல் மத்திய சர்க்காராகவே இருந்துவிட்டால் என்ன நேரும் என்பதைக் காவேரி டெல்டா விவசாயிகள் 2018-இல் கண்டார்கள். தமிழ்நாட்டின் பங்கை 177.25 டி.எம்.சி. என்று நிர்ணயித்து, அதைச் செயற்படுத்தும் திட்டத்தை ஆறு வாரத்துக்குள் வகுக்க வேண்டும் என்று பிப்ரவரி 16-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மார்ச் 29-இல் கெடு முடிந்தது, திட்டம் வரவில்லை. ‘திட்டம்’ என்றால் எது என்ற விளக்கமும், கர்நாடகத் தேர்தலைக் காரணங்காட்டி மூன்று மாத அவகாசமும் மத்திய சர்க்கார் கேட்டது. தமிழ்நாடு, காபினெட் செயலாளரையும் நீர்வளத்துறைச் செயலாளரையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்த்து மார்ச் 31-இல் அவமதிப்பு மனு தாக்கல் செய்தது. தேர்தல் வாக்குப்பதிவு முடிந்த பிறகு மே 14-இல் வரைவுத் திட்டம் வந்தது. ஜூன் 1-இல் அரசிதழில் வெளியாயிற்று. ஒருவரும் தண்டிக்கப்படவில்லை. கேட்ட அவகாசத்தை நீதிமன்றம் கொடுக்காமலே சர்க்கார் எடுத்துக்கொண்டுவிட்டது என்பதுதான் இதன் சாரம். மனு தாக்கலாகாமல் இருந்திருந்தால் அந்த ஜூன் மாதமும் கிட்டியிருக்காது என்று வாதிடுவோர் உண்டு. அதிலும் உண்மை இருக்கலாம்.

மறுபக்கத்து அத்துமீறலையும் சொல்லாமல் விடுவது நேர்மையாகாது. அதிகாரிகளை நேரில் வரவழைத்து, பிற்பகல் வரை நிற்க வைத்து, அவர்கள் உடையைப் பற்றியும் படிப்பைப் பற்றியும் விமர்சிப்பதில் சில நீதிமன்றங்கள் காட்டிய உற்சாகம் நீதிபரிபாலனத்துக்கு அழகு சேர்க்கவில்லை. ஓய்வுபெற்ற நீதிபதிகளுக்கான சலுகைகள் பற்றிய உத்தரவு நிறைவேறவில்லை என்று 2023 ஏப்ரலில் அலகாபாத் உயர் நீதிமன்றம் நிதித்துறைச் செயலாளர்கள் இருவரைக் காவலில் எடுத்துக்கொள்ளச் செய்ததும், 2024 ஜனவரி 3-இல் உச்ச நீதிமன்றம் அந்த உத்தரவுகளை ரத்துசெய்து, அதிகாரிகளை வரவழைப்பதற்கான நடைமுறை நெறிகளை வகுத்ததும் இங்கே நினைவுகூரத் தக்கவை. விதிவிலக்கான சந்தர்ப்பங்களில் மட்டுமே நேரில் அழைக்க வேண்டும். அப்போதும் காணொலி வாயிலாக வர முதலில் வாய்ப்பளிக்க வேண்டும். ஆளைப் பற்றிய விமர்சனம் கூடாது என்பன அவற்றுள் சில. ஒரு மாவட்டக் கலெக்டர் சென்னைக்கோ மதுரைக்கோ வந்து கோர்ட்டில் காத்திருக்கும் நாளில் அவரைக் காண வந்த நூறு பேர் திரும்பிப் போகிறார்கள். அந்த நூறு பேரில் சிலர் நாளைய மனுதாரர்கள்.

ஆகவே தண்டனையைக் கூட்டுவதைவிட வேறு மூன்று காரியங்கள் அவசரமானவை என்று எனக்குத் தோன்றுகிறது. உரிமையைத் தீர்மானித்து, இன்ன பதவியிலுள்ளவர் இன்ன தேதிக்குள் இன்னதைச் செய்ய வேண்டும் என்று உத்தரவே தெளிவாக இருக்க வேண்டும். அப்பீல் செய்வதானால் சட்டம் கொடுத்த கெடுவுக்குள் செய்ய வேண்டும், இல்லையேல் நிறைவேற்ற வேண்டும் என்பதை ஒவ்வொரு துறையும் தனக்குத் தானே விதித்துக்கொண்டு, உத்தரவுகளுக்கென்று தனிப் பதிவேடு வைத்து, மாதந்தோறும் துறைத்தலைவர் அதைப் பார்வையிட வேண்டும். தாமதத்தால் விளைந்த செலவையும் வட்டியையும் பொதுப் பணத்திலிருந்து கொடுத்துவிட்டு மறந்துவிடாமல், கோப்பை வைத்திருந்தவரின் சம்பளத்தில் பிடிக்க வேண்டும். இவற்றில் எதற்கும் புதிய சட்டம் வேண்டியதில்லை. 1926-ஆம் ஆண்டின் 2,000 ரூபாயைத் திருத்துவதற்கு மட்டும் பார்லிமெண்டு தேவை. அதற்கு ஒரு நாள் போதும்.

இவை நடக்கும் வரையில், உத்தரவைக் கையில் வைத்துக்கொண்டு காத்திருக்கும் வாசகர்களுக்கு ஒரு வார்த்தை. பெரும்பாலான உத்தரவுகளில் கெடு, ‘நகல் கிடைத்த நாளிலிருந்து’ எண்ணப்படுகிறது. நகல் கிடைக்கவேயில்லை என்பதுதான் ஆபீஸ்கள் சொல்லும் முதல் பதில். ஆகையால் சான்றிட்ட நகலை ஒப்புகை பெறும் வகையில் உடனே அனுப்பி, ஒப்புகையைப் பத்திரப்படுத்திக்கொள்ளுங்கள். கெடு முடிந்த நாளைக் குறித்துவைத்துக்கொள்ளுங்கள். ‘கோப்பு மேலே போயிருக்கிறது, அடுத்த மாதம் வாருங்கள்’ என்ற சொல்லை நம்பி மாதங்களைக் கழிக்காதீர்கள். அவமதிப்பு நேர்ந்த நாளிலிருந்து ஓராண்டு கடந்துவிட்டால், உங்கள் பக்கம் எவ்வளவு நியாயம் இருந்தாலும், சட்டத்தின் 20-ஆம் பிரிவு கதவைச் சாத்திவிடும்.